முன்ஜாமீனை மறுத்தால் நிலம் திரும்பிவிடுமா?

புதுச்சேரியின் வில்லியனூர், பாகூர் கொம்யூன்களில் போலிப் பத்திரப் புகார் ஒன்று செய்தியாக வந்தால், சில வாரங்களில் இன்னொரு செய்தியும் வரும்: குற்றம் சாட்டப்பட்டவருக்கு முன்ஜாமீன் கிடைத்துவிட்டது. அதைப் படித்ததும் டீக்கடையிலிருந்து கட்சி அலுவலகம்வரை ஒரே பேச்சுதான். காசு இருக்கிறவன் வக்கீலை வைத்து வெளியே வந்துவிட்டான், இனிமேல் கேஸ் அவ்வளவுதான் என்பார்கள். ஒரு படி மேலே போய், சொத்து மோசடி வழக்குகளுக்கு முன்ஜாமீனே கூடாது, சட்டத்தைத் திருத்து என்று கேட்பவர்களும் இருக்கிறார்கள். தலைமுறை தலைமுறையாக உழுத காணியை ஒரே நாளில் வேறொருவர் பெயரில் பார்க்கிற குடும்பத்தின் கோபம் முழுக்க நியாயமானது. அந்தக் கோபத்துக்குச் சொல்லப்படும் மருந்துதான் தவறு. முன்ஜாமீனை மறுப்பதால் பறிபோன நிலம் திரும்புவதில்லை. நிலத்தைக் காப்பாற்ற வேண்டிய வேலையைச் செய்யாமல் விட்டவர்கள் ஒளிந்துகொள்ள அது நல்ல மறைவிடமாக மட்டும் ஆகிறது.

முன்ஜாமீன் இல்லாத ஊர் எப்படி இருக்கும் என்று கற்பனை செய்து பார்க்கத் தேவையில்லை. இந்தியாவிலேயே அப்படி ஒரு மாநிலம் இருந்தது. நெருக்கடிநிலைக் காலத்தில், 1976இல், உத்தரப் பிரதேசம் தன் சட்டத் திருத்தத்தின் மூலம் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் முன்ஜாமீனுக்கு இடம் தரும் 438ஆம் பிரிவையே நீக்கியது. அது அங்கே திரும்ப வந்தது 2019இல். நடுவே 43 ஆண்டுகள், நிலத்தைச் சுருட்டியவனுக்கும் சரி, பொய்ப் புகாரில் மாட்டியவனுக்கும் சரி, முன்ஜாமீன் என்ற ஒன்றே இல்லை. அங்கே நில அபகரிப்பு ஒழிந்ததா? 2017இல் அதே மாநில அரசு, நில மாஃபியாவை ஒடுக்கவென்றே தனிப் பணிக்குழு அமைக்க வேண்டியிருந்தது. நாற்பது ஆண்டு மருந்து கொடுத்த பிறகும் நோய் அந்த அளவுக்கு முற்றியிருந்தால், மருந்தைத்தான் சந்தேகிக்க வேண்டும். அந்த ஆண்டுகளில் அங்கே நடந்த இன்னொன்றும் கவனிக்கத்தக்கது. முன்ஜாமீன் வாசல் மூடியதும், கைதுக்குத் தடை கேட்டு அலகாபாத் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுக்கள் குவிந்தன. உயர் நீதிமன்றம்வரை போக வசதி உள்ளவர் அப்போதும் வெளியேதான் இருந்தார். மாவட்ட நீதிமன்றத்தைத் தாண்ட வழியில்லாதவர்தான் உள்ளே போனார். பணக்காரனுக்கு மட்டுமே முன்ஜாமீன் என்று ஆத்திரப்படுகிறவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

இனி நம் ஊர் நிலவரத்துக்கு வருவோம். இந்த இரண்டு கொம்யூன்களிலும் மோசடி இவ்வளவு எளிதாக நடக்கக் காரணங்கள் உண்டு. நகரத்தில் இடம் தீர்ந்துபோய், மனை வியாபாரம் மேற்கே வில்லியனூரையும் தெற்கே கன்னியக்கோயில், கிருமாம்பாக்கத்தையும் தாண்டிவிட்டது. விழுப்புரம்–நாகப்பட்டினம் நான்குவழிச் சாலையும் பெரிய மருத்துவக் கல்லூரிகளும் வந்த பிறகு, குழிக் கணக்கில் விலை பேசிய நெல் வயல் சதுர அடிக் கணக்கில் பேசப்படுகிறது. நிலத்துக்குச் சொந்தக்காரர்களில் கணிசமானவர்கள் பிரான்சில் குடியேறிவிட்டவர்கள். 1962இல் புதுச்சேரி சட்டப்படி இந்தியாவுடன் இணைந்தபோது பிரெஞ்சுக் குடியுரிமையை வைத்துக்கொண்ட குடும்பங்களின் வழிவந்தவர்களும் அவர்களில் உண்டு. பழைய பத்திரம் பிரெஞ்சில் இருக்கும். அதில் கதாஸ்தர் என்ற பழைய நில அளவை எண் இருக்கும், இப்போதைய ரீசர்வே எண் இருக்காது. பட்டா தாத்தா பெயரிலேயே நிற்கும், வாரிசுகளோ மூன்று நாடுகளில். இப்படிக் கிடக்கும் நிலத்தின் மேல்தான் ஆள்மாறாட்டப் பவர் பத்திரமும், பெண் பிள்ளைகளை விட்டுவிட்டு வாங்கிய வாரிசுச் சான்றிதழும், செத்தவர் கையெழுத்திட்ட உயிலும் வந்து உட்காருகின்றன. இவை எதுவும் இருட்டில் நடப்பதில்லை. சார் பதிவாளர் முன்னால், முத்திரைத்தாளில், சாட்சிகளோடு, வேலை நேரத்தில் நடக்கின்றன.

முன்ஜாமீன் பற்றிய பேச்சில் எல்லோரும் தவறவிடுவது இதைத்தான். கொலை வழக்கில் கத்தியைத் தேட வேண்டும். கொள்ளையில் நகையைத் தேட வேண்டும். போலிப் பத்திர வழக்கில் முதன்மைச் சான்று, குற்றம் நடந்த அன்றே அரசாங்கத்தின் கைக்கு வந்துவிடுகிறது. பதிவுச் சட்டத்தில் 2001இல் சேர்த்த 32ஏ பிரிவின்படி, சொத்தை மாற்றும் பத்திரத்தில் விற்பவர், வாங்குபவர் இருவரின் புகைப்படமும் விரல்ரேகையும் இருந்தாக வேண்டும். சாட்சிகள் யார், பத்திரம் எழுதியவர் யார், எந்த அடையாள அட்டை காட்டப்பட்டது, பணம் எந்த வங்கிக் கணக்கில் போனது என்பதெல்லாம் காகிதத்தில் இருக்கிறது. கையெழுத்தும் ரேகையும் ஒப்பிட ஆள் லாக்கப்பில் இருக்க வேண்டும் என்ற பழைய வாதமும் இப்போது செல்லாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 349ஆம் பிரிவு, கைது செய்யப்படாத ஒருவரிடமிருந்தும் மாதிரிக் கையெழுத்தும் விரல்ரேகையும் வாங்க நீதித்துறை நடுவர் உத்தரவிடலாம் என்று வெளிப்படையாகவே சொல்கிறது. காவலில் வைத்து வாங்கும் ஒப்புதல் வாக்குமூலமோ நீதிமன்றத்தில் சான்றாகவே ஏறாது. அதன் விளைவாக ஒரு பொருள் கண்டெடுக்கப்பட்டால், அந்த அளவுக்கு மட்டும்தான் அதற்கு மதிப்பு.

புலனாய்வு எங்கே சறுக்குகிறது என்பதற்கு 2018இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த ஒரு தமிழ்நாட்டு வழக்கே போதும். சொத்துக்காரப் பெண்மணியின் பெயரில் வேறொரு பெண் வந்து பொது அதிகாரப் பத்திரத்தில் கையெழுத்திட்டாள். அந்தப் பவரைப் பயன்படுத்திக்கொள்ள முயன்றவர் வழக்கை எதிர்கொண்டார். கீழமை நீதிமன்றங்கள் தண்டித்தன, உயர் நீதிமன்றம் விடுவித்தது, உச்ச நீதிமன்றம் அந்த விடுதலையை உறுதி செய்தது. காரணம், கையெழுத்திட்ட அந்தப் போலிப் பெண் யார் என்று காவல் துறை கடைசிவரை கண்டுபிடிக்கவேயில்லை. பொய் ஆவணத்தை உருவாக்கியவரே போலி ஆவணக் குற்றவாளி, அதனால் பயனடைந்தவர் என்பது மட்டும் போதாது என்றது நீதிமன்றம். புலனாய்வின் தரத்தையும் கடுமையாக விமர்சித்தது. யாருக்கு எப்போது ஜாமீன் கிடைத்தது என்பதற்கும் இந்த முடிவுக்கும் எந்தத் தொடர்பும் கிடையாது.

சதி என்றால் காவலில் வைத்து விசாரித்தால்தானே வெளியே வரும் என்று கேட்பார்கள். காவல் துறையின் பதில் மனுக்களில் தவறாமல் இடம்பெறும் வாதம் இது, உச்ச நீதிமன்றத்திலும் இதற்கு ஆதரவு உண்டு. முன்ஜாமீன் என்ற கவசத்தோடு வருபவரிடம் கேட்பதைவிடக் காவல் விசாரணையில் கூடுதலாக உண்மை வெளிப்படும் என்று 1997இல் சிபிஐ தொடர்ந்த ஒரு வழக்கில் அது சொன்னது. 2019இல் ப. சிதம்பரத்தின் முன்ஜாமீன் மனுவைத் தள்ளுபடி செய்தபோது, பொருளாதாரக் குற்றங்கள் தனி ரகம் என்றது. இவற்றை மறைத்துவிட்டு வாதாடுவது நேர்மையாகாது. ஆனால் இவற்றுக்கெல்லாம் மேலே இரண்டு அரசமைப்பு அமர்வுத் தீர்ப்புகள் நிற்கின்றன. 1980இல் சிப்பியா வழக்கில் மனு போட்டவர் சாமானியர் இல்லை, பஞ்சாபின் முன்னாள் அமைச்சர். பொருளாதாரக் குற்றமும் உயர்மட்ட ஊழலும் என்றால் முன்ஜாமீனே கிடையாது என்று பஞ்சாப்–ஹரியானா உயர் நீதிமன்றம் போட்டிருந்த பொது விதியை ஐந்து நீதிபதிகளும் ஏற்கவில்லை. ஒவ்வொரு வழக்கையும் அதனதன் உண்மைகளை வைத்தே முடிவு செய்ய வேண்டும் என்றார்கள். அதே தீர்ப்பில், முன்ஜாமீனில் இருப்பவர் தரும் தகவலால் ஒரு பொருளைக் கைப்பற்ற வேண்டி வந்தால், அதற்கும் சட்டத்தில் இடமுண்டு என்றார்கள். 2020 ஜனவரியில் சுசீலா அகர்வால் வழக்கில் இன்னொரு ஐவர் அமர்வு இதை உறுதி செய்தது. ஆகவே போலி முத்திரை எங்கே செய்யப்பட்டது, மூலப்பத்திரம் யாரிடம் ஒளிந்திருக்கிறது, எந்தக் கணினியில் இறப்புச் சான்றிதழ் திருத்தப்பட்டது என்று குறிப்பாகச் சொல்லி, இதற்கு இவரைக் காவலில் எடுத்தே தீர வேண்டும் என்று காவல் துறை காட்டினால், முன்ஜாமீனை மறுப்பதே சரி. ஆள்மாறாட்டம் செய்பவர்களை ஏற்பாடு செய்வதையே தொழிலாக வைத்திருப்பவருக்கும், சாட்சியை மிரட்டியவருக்கும் நான் வக்காலத்து வாங்க வரவில்லை. நான் எதிர்ப்பது, காரணம் எதுவும் காட்டாமல் "விசாரணை நிலுவையில் உள்ளது" என்ற ஒற்றை வரியோடு வரும் பதில் மனுவை.

இந்தப் பொது மறுப்பு உண்மையில் யார் மேல் விழும் என்பதையும் பார்க்க வேண்டும். கிராமத்து நில வழக்குகள் எல்லாமே ஆள்மாறாட்ட வழக்குகள் இல்லை. கிரய ஒப்பந்தம் போட்டு அட்வான்ஸ் வாங்கியவர், விலை ஏறியதும் பத்திரம் எழுதித்தர மறுக்கிறார். அண்ணன் பாகப்பிரிவினைப் பத்திரத்தில் தங்கையை விட்டுவிடுகிறான். பொதுச் சொத்தில் தன் பங்குக்கு மேல் ஒருவர் விற்றுவிடுகிறார். அநியாயம்தான், ஆனால் பெரும்பாலும் சிவில் நீதிமன்றம் தீர்க்க வேண்டிய அநியாயம். சிவில் வழக்கு ஆண்டுக்கணக்கில் இழுக்கும் என்பதால், அதையே கிரிமினல் வழக்காக மாற்றி மிரட்டும் போக்கு வளர்கிறது என்று 2006இலேயே இந்தியன் ஆயில் வழக்கில் உச்ச நீதிமன்றம் எச்சரித்தது. மிரட்டலுக்குத் தேவைப்படும் நெம்புகோல் கைது பயம். அது வேலை செய்யும் விதம் நுட்பமானது. ஏமாற்றுதலுக்கு மட்டும் வழக்குப் போட்டால் அதிகபட்சத் தண்டனை 7 ஆண்டு. 2014இன் அர்னேஷ் குமார் தீர்ப்புப்படி அந்த வகையில் காரணத்தைப் பதிவு செய்யாமல் கைது செய்யக் கூடாது, வழக்கமாக நோட்டீஸ் கொடுத்துத்தான் கூப்பிட வேண்டும். அதோடு மதிப்புள்ள ஆவணத்தைப் போலியாக உருவாக்கியதாக, பழைய தண்டனைச் சட்டத்தின் 467ஐ, இப்போதைய நியாய சன்ஹிதாவின் 338ஐச் சேர்த்துவிட்டால், தண்டனை ஆயுள்வரை போகிறது, நோட்டீஸ் பாதுகாப்பு போய்விடுகிறது. தன்னுடையதல்லாத நிலத்தைத் தன்னுடையது என்று சொல்லித் தன் சொந்தப் பெயரிலேயே ஒருவர் கிரயம் எழுதிக் கொடுத்தால் அது போலி ஆவணம் ஆகாது, வாங்கியவர் வேண்டுமானால் ஏமாற்றப்பட்டதாகப் புகார் கொடுக்கலாம் என்று 2009இல் ஒரு பீகார் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. அப்படியிருந்தும் 467 சேர்ந்த முதல் தகவல் அறிக்கைகள் வந்துகொண்டுதான் இருக்கின்றன. எந்தப் பிரிவைச் சேர்ப்பது என்று எழுதுகிறவரின் பேனாவே ஒருவர் சிறைக்குப் போவதைத் தீர்மானிக்கும் இடத்தில், அதைச் சரிபார்க்க இருக்கும் முதல் நீதிமன்றக் கதவு முன்ஜாமீன் மனு. செல்வாக்குள்ளவர்கள் எதிரிகளைப் பொய் வழக்கில் சிக்கவைத்து அவமானப்படுத்துகிறார்கள் என்பதையே முக்கியக் காரணமாகக் காட்டித்தான் 1969இல் சட்ட ஆணையத்தின் 41ஆவது அறிக்கை இந்த ஏற்பாட்டைப் பரிந்துரைத்தது. செல்வாக்குள்ளவனுக்கான சலுகை என்று இன்று திட்டப்படும் பிரிவு, செல்வாக்குள்ளவனிடமிருந்து காப்பாற்றப் பிறந்தது.

மறுப்பைவிடச் சூதான இன்னொரு வழக்கமும் வேரூன்றியிருக்கிறது. வாங்கிய பணத்தைக் கட்டு, முன்ஜாமீன் தருகிறோம் என்பது. கேட்க நியாயமாக இருக்கும். மத்தியப் பிரதேசத்தில் விவசாய நில விற்பனை ஒப்பந்தம் ஒன்றிலிருந்து வந்த வழக்கில் 41 லட்சம் ரூபாய் கட்டச் சொன்ன நிபந்தனையை, 2021 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. முன்ஜாமீனை விசாரிக்கும் நீதிமன்றம் கடன் வசூல் மன்றம் இல்லை என்பது அதன் சாரம். டெல்லியில் கட்டடம் கட்டும் ஒப்பந்தம் தொடர்பான வழக்கில் 2023 ஜூலையில் மறுபடியும் அதையே சொன்னது. இந்த நிபந்தனை பாதிக்கப்பட்டவருக்கும் நல்லதில்லை. பணம் கட்ட முடிந்த பெரிய புரோக்கர் கட்டிவிட்டு, அந்த ரசீதையே தன் நல்லெண்ணத்துக்குச் சான்றாகக் காட்டுவார். பத்திரத்தில் சாட்சிக் கையெழுத்துப் போட்ட கூலித் தொழிலாளி கட்ட முடியாமல் உள்ளே போவார். நிலமோ இரண்டு நிலையிலும் வாங்கியவர் பெயரிலேயே இருக்கும்.

அந்த நிலத்தைப் பற்றித்தான் பேச வேண்டும். பாதிக்கப்பட்ட குடும்பத்துக்கு ஆபத்து எங்கிருந்து வருகிறது? குற்றம் சாட்டப்பட்டவர் வெளியில் நடமாடுவதைவிட, பத்திரம் நடமாடுவதே ஆபத்து. போலிப் பத்திரத்தை வைத்து மூன்றாமவருக்கு விற்பார்கள், அவர் மனை பிரித்து நாலு பேருக்கு விற்பார், ஒருவர் வங்கியில் அடமானம் வைப்பார், இன்னொருவர் வீடே கட்டிவிடுவார். ஏமாந்தவர் ஒருவராக இருந்தது பத்துப் பேராகிறது. இந்தச் சங்கிலியை எந்தக் கைதும் அறுப்பதில்லை. உள்ளே இருப்பவரிடம் பவர் வாங்கியவர் வெளியே உலவுகிறார், அவர் பத்திரம் போடலாம். அசையாச் சொத்தைக் காவல் துறை தன் வழக்கமான கைப்பற்றும் அதிகாரத்தால் முடக்க முடியாது என்று 2019இல் உச்ச நீதிமன்றம் தீர்த்துச் சொல்லிவிட்டது. அந்த இடைவெளியை நிரப்பக் கூடிய 107ஆம் பிரிவு நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் வந்திருக்கிறது. குற்றத்தின் வருவாயாகக் கிடைத்த சொத்தை முடக்க, கண்காணிப்பாளரின் ஒப்புதலோடு புலனாய்வு அதிகாரி நீதிமன்றத்தில் மனு செய்யலாம், எதிர்த்தரப்புக்கு 14 நாள் நோட்டீஸ். இதற்கு யாரையும் கைது செய்திருக்க வேண்டியதில்லை. முன்ஜாமீனை எதிர்க்க ஓடும் வேகத்தில் பாதியை இந்த மனுவுக்குக் காட்டினால் போதும்.

புதுச்சேரியின் மிகப் பெரிய உதாரணமும் இதையே சொல்கிறது. காமாட்சியம்மன் கோயிலுக்குச் சொந்தமான ரெயின்போ நகர் நிலம், சுமார் 64,000 சதுர அடி, போலி ஆவணங்களால் கைமாறிய வழக்கில் சிபிசிஐடி பலரைக் கைது செய்தது. அரசு அதிகாரிகளும் அதில் சிக்கினார்கள். அந்தக் கைதுகள் தேவையில்லை என்று யாரும் சொல்ல மாட்டார்கள், பதிவு மேசைக்கு உள்ளிருந்தே உதவி இல்லாமல் இந்த மோசடி நடக்காது என்பதை அவைதான் ஊருக்குக் காட்டின. ஆனால் மண் கோயிலுக்குத் திரும்ப வழி செய்தது, நிலத்தைக் கோயில் வசம் ஒப்படைக்கச் சொல்லி 2023இல் சென்னை உயர் நீதிமன்றம் பிறப்பித்த உத்தரவு. ஜாமீன் வழக்கில் யார் வென்றார், தோற்றார் என்பது நிலத்தின் கதையை மாற்றவில்லை.

இங்கேதான் முன்ஜாமீன், சரியாகக் கையாண்டால், பாதிக்கப்பட்டவருக்கே பயன்படும் கருவி என்பது என் வாதம். முன்ஜாமீன் தரும்போது தகுந்த நிபந்தனை விதிக்க அதே சன்ஹிதாவின் 482ஆம் பிரிவு நீதிமன்றத்துக்கு விரிந்த அதிகாரம் தருகிறது. நடப்பில் விதிக்கப்படுவது பெரும்பாலும் தினமும் காலை பத்தரை மணிக்குக் காவல் நிலையத்தில் கையெழுத்து. அந்தக் கையெழுத்தால் நிலத்துக்கு ஒரு பாதுகாப்பும் இல்லை. மாறாக, சர்ச்சைக்குரிய மூலப்பத்திரத்தை நீதிமன்றத்தில் ஒப்படைக்க வேண்டும், வழக்கு முடியும்வரை அந்தச் சர்வே எண்ணில் விற்கவோ அடகு வைக்கவோ மாட்டேன் என்று உறுதிமொழிப் பத்திரம் தர வேண்டும், கொடுத்திருக்கும் பவர்களை எல்லாம் வெளிப்படுத்த வேண்டும், உத்தரவின் நகல் சார் பதிவாளருக்குப் போக வேண்டும் என்று எழுதினால் கதை வேறு. மீறினால் முன்ஜாமீன் ரத்து. இது சிவில் நீதிமன்றத்தின் வேலையைப் பறிப்பதாகாதா, வசூல் கூடாது என்று சொல்லிவிட்டு இதை மட்டும் கேட்கலாமா என்று வழக்கறிஞர்கள் கேட்கக்கூடும். பணம் கட்டச் சொல்வது, யார் யாருக்குக் கடன்பட்டவர் என்பதை முன்கூட்டியே முடிவு செய்கிறது. இருப்பது இருந்தபடி இருக்கட்டும் என்பது யாருடைய உரிமையையும் முடிவு செய்வதில்லை. குற்றத்தின் கருவியாகச் சொல்லப்படும் ஆவணத்தை மறுபடி பயன்படுத்தாதே என்பது சான்றைக் கலைக்காதே என்பதற்குச் சமம்தான்.

தப்பி ஓடிவிடுவார்களே என்ற பயம் இந்தப் பகுதியில் சற்று கூடுதல் என்பதை ஒப்புக்கொள்கிறேன். பாகூரிலிருந்து கடலூர் மாவட்டமும் வில்லியனூரிலிருந்து விழுப்புரம் மாவட்டமும் கூப்பிடு தூரம். பிரெஞ்சுப் பாஸ்போர்ட் வைத்திருப்பவர்களும் உண்டு. பாஸ்போர்ட்டை ஒப்படைக்கச் சொல்வது எந்த நீதிமன்றத்துக்கும் கடினமில்லை. எல்லை தாண்டித் தலைமறைவாவதோ, முன்ஜாமீன் மறுக்கப்பட்ட பிறகு நடப்பது. மனு தள்ளுபடியானவர் மாதக்கணக்கில் கிடைக்காமல் போவதும், புலனாய்வு அப்படியே நின்றுவிடுவதும் நிலைய எழுத்தர்களைக் கேட்டால் தெரியும். கைது செய்தாலும் 60 அல்லது 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை போடாவிட்டால் கட்டாய ஜாமீன். பத்திரத்தைத் தடய அறிவியல் ஆய்வுக்கு அனுப்பிவிட்டுக் காத்திருக்கும் வழக்குகளில் அந்தக் கெடு ஓசையில்லாமல் கடந்துவிடும். அந்த ஜாமீனில் விரிவான நிபந்தனை விதிக்க நீதிமன்றத்துக்கு இடம் குறைவு. கடுமையான தனி ஏற்பாடு செய்தால் தீருமா என்றால், தமிழ்நாடு 2011இல் நில அபகரிப்புக்கெனத் தனிப்பிரிவும் தனி நீதிமன்றமும் அமைத்தது. நில அபகரிப்பு என்றால் என்ன என்ற வரையறையே இல்லை என்று 2015இல் சென்னை உயர் நீதிமன்றம் அந்த அரசாணைகளை ரத்து செய்தது. மேல்முறையீடு வேறு கதை. ஆவேசத்தில் பிறந்த ஏற்பாடு நீதிமன்றப் படியில் தடுக்கி விழுவதற்கு அண்டை மாநிலமே சாட்சி.

ஆகவே வில்லியனூரிலோ பாகூரிலோ போலிப் பத்திரத்தால் நிலத்தை இழந்து நிற்பவர்களுக்கு ஒரு வார்த்தை. முன்ஜாமீன் மனுவில் தலையிட்டு எதிர்ப்பது உங்கள் உரிமை. ஆனால் அன்றைக்கு நீதிபதியிடம் சிறையை மட்டும் கேட்காதீர்கள், அந்தச் சர்வே எண் மேல் நிபந்தனை கேளுங்கள். புலனாய்வு அதிகாரியிடம் 107இன் கீழ் மனு எங்கே என்று எழுத்தில் கேளுங்கள். சிவில் நீதிமன்றத்தில் பத்திர ரத்து வழக்கையும் இடைக்காலத் தடை மனுவையும் உடனே போடுங்கள். மோசடிப் பத்திரம் பற்றித் தெரிய வந்த நாளிலிருந்து அந்த வழக்குக்கு 3 ஆண்டுதான் கெடு. எதிரி ஜாமீனில் இருந்தாலும் சிறையில் இருந்தாலும் அந்தக் கெடு ஓடிக்கொண்டேதான் இருக்கும்.